நூப் என்றால் யார்? ஒரு கேம் வார்த்தையின் கதை



இந்தத் தடவை ஒரே ஒரு வார்த்தையைப் பற்றித்தான் எழுதப் போகிறேன். அந்த வார்த்தை "நூப்". "டேய் நூப்பு, பின்னாடி வாடா", "அந்த நூப்பை டீமில் சேர்க்காதே", "மேத்ஸில் நான் சுத்த நூப்" என்று எங்கள் கீரமங்கலத்துப் பேருந்து நிறுத்தத்தில் தொடங்கி வகுப்பறைக் கடைசி பெஞ்சு வரை எங்கும் கேட்கலாம். ஐந்தாம் வகுப்புப் பிள்ளைக்கும் தெரியும். ஆனால் இது எங்கிருந்து வந்தது, எப்போது திட்டாக மாறியது என்று கேட்டால் பலர் விழிப்பார்கள். நோண்டிப் பார்த்தால் சுவாரசியமான வரலாறு இருக்கிறது.

முதலில் பிறப்பு. "நூப்" என்பது "நியூபி" என்ற ஆங்கிலச் சொல்லின் தேய்ந்த வடிவம். நியூபி என்றால் புதுசாக வந்தவன், அவ்வளவுதான். இந்தச் சொல் வியட்நாம் போர்க் காலத்தில் அமெரிக்கப் படையினரிடையே புழங்கியது. புதிதாக வந்து இறங்கும் சிப்பாயைப் பழைய ஆட்கள் அப்படி அழைத்தார்கள். எங்கே குனிவது, எங்கே ஓடுவது என்று தெரியாத ஒருவன் பக்கத்தில் நின்றால் மற்றவர் உயிருக்கும் ஆபத்து. அதனால் அந்தச் சொல்லில் அப்போதே கொஞ்சம் எரிச்சலும் பயமும் கலந்திருந்தது.

அடுத்த கட்டம் கணினி. 1980-களில் "யூஸ்நெட்" என்ற விவாதக் குழுக்கள் அமெரிக்கப் பல்கலைக்கழகங்களில் பிரபலம். ஒவ்வொரு செப்டம்பரிலும் கல்லூரியில் புது மாணவர்கள் சேருவார்கள், கணினிக் கணக்கு கிடைக்கும், உள்ளே வந்து ஏதாவது உளறுவார்கள். பழைய ஆட்கள் திட்டுவார்கள், சொல்லியும் கொடுப்பார்கள். ஓரிரு மாதத்தில் எல்லாரும் பழகிவிடுவார்கள். பிறகு 1993-94 வாக்கில் ஏஓஎல் போன்ற நிறுவனங்கள் பொதுமக்களுக்கும் கதவைத் திறந்துவிட்டன. புதியவர்கள் வருவது நிற்கவே இல்லை. பழைய ஆட்கள் நொந்துபோய் இதற்கு "முடிவில்லாத செப்டம்பர்" என்று பெயர் வைத்தார்கள். பத்துப் பேர் வந்தால் உட்கார வைத்துச் சொல்லித் தரலாம், பத்து லட்சம் பேர் வந்தால் என்ன செய்வது? பொறுமை போன இடத்தில் வசவு வந்து உட்கார்ந்தது.

இதே காலத்தில் கணினிப் பையன்களிடம் இன்னொரு பழக்கம் இருந்தது. எழுத்துக்குப் பதில் எண்ணைப் போட்டு எழுதுவது. இதற்கு "லீட்" என்று பெயர், "எலைட்" என்பதிலிருந்து வந்தது. நூப் என்ற ஆங்கிலச் சொல்லின் நடுவில் உள்ள இரண்டு "ஓ"வையும் எடுத்துவிட்டு இரண்டு சுழியம் போட்டு எழுதியது இப்படித்தான். நீ மேல்தட்டு, அவன் சுழியம் என்று எழுத்திலேயே காட்டிவிட்டார்கள் பாருங்கள்!

அப்புறம் ஒரு நுணுக்கமான பிரிவினையும் உண்டு. ஆங்கிலத்தில் "நியூப்" வேறு, "நூப்" வேறு என்பார்கள். நியூப் என்பவன் புதியவன், ஆனால் கற்றுக்கொள்ள விரும்புகிறவன். நூப் என்பவன் எத்தனை நாள் ஆடினாலும் கற்றுக்கொள்ளாதவன், சொன்னாலும் கேட்காதவன். அதாவது முதல் சொல் நிலைமையைச் சொல்கிறது, இரண்டாவது குணத்தைச் சொல்கிறது. நம் ஊருக்கு வரும்போது இந்த வித்தியாசம் காணாமல் போய்விட்டது. நேற்று கேமை இறக்கியவனும் நூப், மூன்று வருடமாக ஆடுகிறவனும் நூப்.

சரி, நம் ஊருக்கு எப்படி வந்தது?

1990-களில் நம்மூர்ப் பிள்ளைகளுக்கு வீடியோ கேம் என்றால் டிவியில் மாட்டும் பெட்டிதான். கேசட்டைச் சொருகி மரியோ, காண்ட்ரா ஆடுவார்கள். அந்தக் காலத்து வார்த்தைகள் வேறு: "லைஃப்", "ஸ்டேஜ்", "கேம் ஓவர்". "எனக்கு இன்னும் ரெண்டு லைஃப் இருக்கு" என்பதுதான் பெரிய வசனம். காண்ட்ராவில் இரண்டு பேர் சேர்ந்து ஆடும்போது ஒருவன் லைஃப் தீர்ந்துபோனால் மற்றவனிடமிருந்து எடுத்துக்கொள்ளலாம். அடித்துக்கொள்வார்கள்தான், ஆனால் அடித்துக்கொள்பவர்கள் ஒரே பாயில் உட்கார்ந்திருக்கும் அண்ணன் தம்பி. ஆட்டம் முடிந்தால் ஒரே தட்டில் சாப்பாடு.

2000-க்குப் பிறகு பிரவுசிங் சென்டர்கள் வந்தன. அங்கே "கவுன்ட்டர் ஸ்ட்ரைக்" வந்தது. 1999-ல் "ஹாஃப் லைஃப்" விளையாட்டின் மேல் கட்டப்பட்ட மாற்று வடிவமாகத் தொடங்கி, 2000-ல் வால்வ் நிறுவனத்தின் வெளியீடாகவே வந்த விளையாட்டு இது. இதில் ஒரு விசேஷம் கவனியுங்கள். நீங்கள் செத்துவிட்டால் அந்த ரவுண்டு முடியும்வரை சும்மா இருக்க வேண்டும். சும்மா இருக்கும் நேரத்தில் உயிரோடு இருப்பவன் ஆடுவதை வேடிக்கை பார்க்கலாம். டீமில் நான்கு பேர் செத்து, கடைசியில் ஒரு புதுப் பையன் மட்டும் மிஞ்சினான் என்று வைத்துக்கொள்ளுங்கள். நான்கு பேரும் அவன் திரையையே பார்ப்பார்கள். அவன் கை நடுங்கும். குண்டு சுவரில் படும். உடனே நான்கு வாயிலிருந்தும் "நூப்!" என்று வரும். இந்த வசவு விளையாட்டின் அமைப்பிலேயே ஒளிந்திருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. சும்மா இருக்கும் நாலு பேர், தடுமாறும் ஒருவன். இது போதும்.

அடுத்தது செல்போன். 2017-ல் "ஃப்ரீ ஃபயர்", 2018-ல் "பப்ஜி மொபைல்". ஒரு பப்ஜி ஆட்டத்தில் 100 பேர் குதிப்பார்கள், நான்கு பேர் கொண்ட ஒரு டீம்தான் ஜெயிக்கும். மிச்சம் 96 பேர் தோற்றவர்கள். ஒவ்வொரு ஆட்டத்திலும் தோல்விக்குக் காரணம் சொல்ல யாராவது வேண்டுமே! ஃப்ரீ ஃபயர் விலை குறைந்த போனிலும் ஓடும், ஆட்டமும் சீக்கிரம் முடிந்துவிடும். அதனால் எங்களைப் போன்ற சின்ன ஊர்களில் அது வேகமாகப் பரவியது. 2020-ல் ஊரடங்கு வந்தபோது ஆன்லைன் வகுப்புக்கு என்று வாங்கிய போனிலெல்லாம் அது ஏறிக்கொண்டது.

பப்ஜி மொபைலை இந்திய அரசு 2020 செப்டம்பரிலும், ஃப்ரீ ஃபயரை 2022 பிப்ரவரியிலும் தடை செய்தது. வார்த்தையை யாரால் தடை செய்ய முடியும்? அது நின்றுவிட்டது. கூடவே "புரோ", "கேம்பர்", "பாட்" எல்லாம் நின்றுவிட்டன. "பாட்" என்பது நூப்பைவிட மோசமான திட்டு. தொடக்க நிலை ஆட்டங்களில் ஆள் குறைந்தால் கணினியே ஓட்டும் பொம்மைகளைச் சேர்ப்பார்கள், அதுதான் பாட். ஒருவனைப் பாட் என்றால் நீ மனுஷனே இல்லை என்று அர்த்தம்.

இந்த வார்த்தைக்கு அகராதி உலகத்திலும் ஒரு பெருமை உண்டு. 2009 ஜூனில் "குளோபல் லாங்குவேஜ் மானிட்டர்" என்ற அமெரிக்க நிறுவனம், ஆங்கிலத்தின் பத்து லட்சமாவது சொல் பிறந்துவிட்டது என்று அறிவித்தது. வென்றது "வெப் 2.0". கடைசிச் சுற்றுவரை வந்து தோற்றவற்றில் நூப்பும் ஒன்று, நம்ம ஏ.ஆர்.ரஹ்மான் இசையால் உலகம் முழுக்கப் போன "ஜெய் ஹோ"வும் ஒன்று. மொழியியலாளர்கள் பலர் இந்தக் கணக்கையே கேலி செய்தார்கள், அது வேறு விஷயம். 2024 ஏப்ரலில் பிரதமர் மோடி இந்திய கேம் வீரர்களைச் சந்தித்தபோது, அவர்கள் இந்தச் சொல்லைச் சொல்லிக்கொடுத்தார்கள். தேர்தல் நேரத்தில் நான் இதைச் சொன்னால் யாரைச் சொல்கிறேன் என்று எல்லாரும் யோசிப்பார்கள் என்று அவர் சிரித்தார். வியட்நாம் காட்டில் தொடங்கி டெல்லி அரசியல்வரை வந்துவிட்டது!

இனி நம் தமிழுக்கு வருவோம். புதியவனுக்கு நம்மிடம் சொல் இல்லையா? தாராளமாக இருக்கிறது.

முதலாவது "கத்துக்குட்டி". இன்னும் கற்றுக்கொண்டிருக்கும் குட்டி. நம் பத்திரிகைகளின் விளையாட்டுப் பக்கத்தில் இந்தச் சொல் ரொம்ப நாளாக உண்டு. கென்யா கத்துக்குட்டி, வங்கதேசம் கத்துக்குட்டி என்று எழுதுவார்கள். அந்தக் கத்துக்குட்டி வங்கதேசம்தான் 2007 உலகக் கோப்பையில் இந்தியாவைத் தோற்கடித்தது, நாம் முதல் சுற்றிலேயே வீடு திரும்பினோம். கென்யா 2003-ல் அரையிறுதிவரை போனது. அவ்வளவு ஏன், 1975, 1979 இரண்டு உலகக் கோப்பைகளிலும் சேர்த்து இந்தியா ஜெயித்தது ஒரே ஒரு ஆட்டம், அதுவும் கிழக்கு ஆப்பிரிக்காவுக்கு எதிராக. அந்த நூப் டீம்தான் 1983-ல் கோப்பையைத் தூக்கியது.

இரண்டாவது "ஒப்புக்குச் சப்பாணி". கண்ணாமூச்சியோ கபடியோ ஆடும்போது ரொம்பச் சின்னப் பிள்ளை ஒன்று "நானும் வர்றேன்" என்று அழும். விரட்டவும் முடியாது, சேர்த்தால் ஆட்டம் கெடும். அதற்குத்தான் இந்த ஏற்பாடு. பிள்ளை ஆட்டத்தில் இருக்கும், ஓடும், கத்தும், ஆனால் அவுட் கிடையாது. அப்படியே பார்த்துப் பார்த்து ஒரு நாள் உண்மையான ஆட்டக்காரன் ஆகிவிடும். எவ்வளவு அழகான விதி! சொல் மட்டும் அழகில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். சப்பாணி என்பது கால் ஊனமுற்றவரைக் குறிக்கும் சொல், யாரையும் அப்படி அழைப்பது தப்பு. (பிள்ளைத்தமிழில் வரும் சப்பாணிப் பருவம் வேறு, அது குழந்தை கை கொட்டுவது.) ஆக நம் முன்னோர் எல்லாரும் இனிமையாகவே பேசினார்கள் என்று கதை விட நான் தயாரில்லை. சொல் முரடு, ஆனால் உள்ளே ஒரு இடம் இருந்தது. நூப் என்ற சொல்லில் அந்த இடம் இல்லை.

மூன்றாவது "கன்னிச்சாமி". சபரிமலைக்கு முதல் தடவை மாலை போடுபவர். பத்து தடவை போன குருசாமியே அவரைச் "சாமி" என்றுதான் கூப்பிட வேண்டும். கன்னிச்சாமி வராத வருடம் மாளிகைப்புறத்து அம்மனுக்குக் கல்யாணம் நடக்கும் என்பது அங்கே சொல்லப்படும் கதை. புதியவன் வந்துகொண்டே இருப்பதில்தான் எல்லாமே நிற்கிறது என்று ஒரு கதையே கட்டிவைத்திருக்கிறார்கள். கேமுக்கும் இது பொருந்தும். புது ஆள் வராத சர்வரில் பழைய ஆள் யாரோடு ஆடுவான்?

இதெல்லாம் வெறும் விளையாட்டுப் பேச்சுதானே என்று சிலர் கேட்கலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. புதியவனை மட்டம் தட்டுவது கேமோடு நிற்பதில்லை. 1996-ல் சிதம்பரத்தில் மருத்துவக் கல்லூரி முதலாண்டு மாணவர் ஒருவர் மூத்த மாணவரால் கொல்லப்பட்டார். அதன் பிறகுதான் தமிழ்நாட்டில் 1997-ல் ராகிங் தடைச் சட்டம் வந்தது. நூப் என்று சொல்பவர் எல்லாம் கொலைகாரர் என்று நான் சொல்ல வரவில்லை. நீ புதுசு, அதனால் நான் என்ன செய்தாலும் தாங்கிக்கொள் என்ற நினைப்பு இரண்டிலும் இருக்கிறது, அளவுதான் வேறு.

கிராமத்துப் பள்ளியில் தமிழ் வழியில் படித்துவிட்டு முதன்முதலாகக் கல்லூரிக் கணினி அறையில் மவுஸைப் பிடிக்கும் மாணவியை நினைத்துப் பாருங்கள். பின்னாலிருந்து யாரோ "நூப்" என்று சிரித்தால் அடுத்த சந்தேகத்தை அவள் வாய்விட்டுக் கேட்பாளா? மைக்கில் பெண் குரல் கேட்டதுமே நூப் என்று முடிவு கட்டுகிறவர்களும் இருக்கிறார்கள். கேள்வி கேட்கப் பயப்படுகிறவர் கற்றுக்கொள்ளவே முடியாது. அதாவது நியூப்பை நிரந்தர நூப்பாக்குவது அந்த வார்த்தைதான்.

அதே நேரம் வார்த்தைகள் திருந்துவதும் உண்டு. "ரோப்லாக்ஸ்" விளையாட்டில் மஞ்சள் தலை, நீலச் சட்டை, பச்சைக் கால் கொண்ட ஆரம்பகால உருவத்துக்கே நூப் என்று பெயர். தேறிய ஆட்டக்காரர்கள்கூட ஆசையாக அந்த உருவத்தைப் போட்டுக்கொள்கிறார்கள். நெருங்கிய நண்பர்களுக்குள் "போடா நூப்பு" என்பது செல்லம்தான். தன்னைத்தானே நூப் என்று சொல்லிக்கொள்வதும் ஒரு பணிவு. யார், யாரிடம், எந்தக் குரலில் சொல்கிறார் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. ஒன்று கவனித்தீர்களா? மரியாதை கொடுத்து யாரும் "நீங்க நூப்புங்க" என்று சொல்வதில்லை :)

கடைசியாக எங்கள் ஊர் விஷயம். கீரமங்கலம் என்ற பெயரை நக்கீரரோடு சேர்த்துச் சொல்வது இங்கே வழக்கம். மெய்நின்றநாதர் கோயிலில் பெரிய சிவன் சிலையும் நக்கீரர் சிலையும் உண்டு. தருமி கதை எல்லாருக்கும் தெரியும். நக்கீரர் இறைவனின் பாட்டிலேயே குற்றம் கண்டார். ஆனால் "நீ நூப்" என்று சொல்லிவிட்டுப் போகவில்லை. எது குற்றம், ஏன் குற்றம் என்று காரணம் சொன்னார். எங்கள் பக்கத்தில் பூ கட்டப் பழகும் பிள்ளையிடம் பாட்டி "இடைவெளி விடாதே, நெருக்கிக் கட்டு" என்பார். அதிலும் குறை சொல்வது இருக்கிறது, வழியும் இருக்கிறது.

அடுத்த முறை டீமில் ஒரு புதுப் பையன் தவறு செய்தால், "மரத்துக்குப் பின்னாடி நின்னு சுடு" என்று சொல்லிப் பாருங்கள். நூப் என்று கத்துவதைவிட இரண்டு நொடிதான் கூடுதலாக ஆகும். அடுத்த ரவுண்டில் உங்கள் முதுகைக் காப்பாற்றப் போவது அவன்தான்.

உங்கள் ஊரில் புதிய ஆட்டக்காரர்களுக்கு வேறு என்ன பெயர் உண்டு? தெரிந்தால் சொல்லுங்கள், தொகுத்து வைப்போம். மீண்டும் சந்திப்போம்!