பீரங்கிப் படைவீரனின் கடமை

போர்வீரன் என்றதும் தனித்து முன்னேறிப் பகைவரை வெல்லும் ஒருவனையே நாம் மனத்திற் கொள்கின்றோம். பீரங்கிப் படைவீரனின் வாழ்வோ வேறு வகையானது. அவனது வீரம் கூட்டு முயற்சியிலேயே தங்கியுள்ளது. முதலாம் உலக மகாயுத்தத்தின் தொடக்கத்திற் பிரான்சு தேசத்தில் நிகழ்ந்த ஒரு சம்பவம் இதனை நன்கு விளக்கும்.

1914ஆம் ஆண்டிற் பிரித்தானியக் குதிரைப் பீரங்கிப் படையின் ஒவ்வொரு பற்றறியிலும் ஆறு பீரங்கிகள் இருந்தன. பீரங்கியொன்றை ஆறு குதிரைகள் இழுத்தன. சோடிக்கு ஒருவராக மூன்று சாரதிகள் இடப்பக்கக் குதிரைகளில் ஏறிச் செலுத்தினர். பீரங்கியை இயக்குவோர் அறுவர். சார்ஜன் கட்டளையிடுவார், ஒருவர் பின்வாயைத் திறந்து மூடுவார், ஒருவர் குறிபார்த்துச் சுடுவார், ஒருவர் குண்டை உள்ளே இடுவார், ஏனையோர் குண்டுகளைச் சித்தஞ்செய்து கொடுப்பர். குதிரைகளுக்கு நீரும் தீனியும் அளித்த பின்னரே தம் பசியை நினைப்பர். சேணந் துடைத்தல், பீரங்கிக் குழாயைத் துப்புரவாக்கல், ஓயாத பயிற்சி என்பனவே அவர்தம் அன்றாட வாழ்வு. ஒருவர் வீழ்ந்தால் மற்றவர் அவ்விடத்தை ஏற்கவேண்டுமாதலின், பிறர் வேலையையும் கற்றிருத்தல் அவசியமாயிற்று.

அக்கல்வி 1914 செப்டெம்பர் 1ஆந் திகதி நேரி என்னுங் கிராமத்திற் சோதிக்கப்பட்டது. பின்வாங்கிச் சென்றுகொண்டிருந்த பிரித்தானியச் சேனையைச் சேர்ந்த 'எல்' பற்றறி, மூடுபனி விலகும்வரை அங்குக் காத்திருந்தது. திடீரென யேர்மானியப் பீரங்கிகள் முழங்கின. குதிரைகள் குவியலாய் மடிந்தன. வீரர் பலர் வீழ்ந்தனர். கப்டன் பிராட்பரி எஞ்சியோரைத் திரட்டி மூன்று பீரங்கிகளைப் போருக்குத் திருப்பினார். விரைவில் ஒன்றே எஞ்சியது. சாரதியான ஒஸ்போர்ண் குதிரையை விட்டுக் குண்டு சுமந்தார். பிராட்பரியும் குண்டு எடுக்கச் சென்றபோதே படுகாயமுற்று, பின்னர் உயிர்நீத்தார். சார்ஜன் மேஜர் டொறெலும் சார்ஜன் நெல்சனும் குண்டுகள் தீரும்வரை சுட்டனர். உதவிப் படையும் வந்து சேர்ந்தது. அம்மூவருக்கும் விக்டோறியா சிலுவை வழங்கப்பட்டது. ஒஸ்போர்ணுக்குப் பிரான்சு தேசம் பதக்கமளித்தது.

காலாட்படைக்குக் கொடி எவ்வாறோ, பிரித்தானியப் பீரங்கிப் படைக்குப் பீரங்கியே அவ்வாறு. அதனைக் கைவிடுதல் மானக்கேடாகக் கருதப்பட்டது. நேரியில் இறுதிவரை முழங்கிய பீரங்கி இன்று இலண்டன் நூதனசாலையில் இருக்கின்றது.

யுத்தத்தின் கொடுமையை நாம் போற்றவில்லை. ஆயினும், கப்டனும் சாரதியும் ஒரே குண்டுப் பெட்டியை நோக்கி ஓடிய அக்காலைப் பொழுது நமக்கொரு பாடம். ஆபத்து வேளையில் 'இஃது என் வேலையன்று' என்று கூறாதவனே தன் கடமையை முற்றக் கற்றவன்.