உடன்வந்த மீன்

டாஸ்மேனியாத் தீவில் குடியேறிய ஆங்கிலேயர் தாயகத்துச் சால்மன் மீனை அங்கும் காண விழைந்தனர். கப்பலிலேற்றிய முட்டைகளோ வெப்பக் கடலைக் கடக்குமுன் அழிந்தன. ஈரப்பாசியில் பொதிந்து பனிக்கட்டியிடையே வைத்தால் முட்டை பொரியும் காலம் நீளும் என்பதைப் பயன்கொண்டவர் ஜேம்ஸ் யூல். 1864இல் 'நார்ஃபோக்' என்னும் கப்பல் அவ்வாறே ஓர் இலட்சத்திற்கு மேற்பட்ட சால்மன் முட்டைகளைச் சுமந்து மூன்று திங்கள் பயணம் செய்தது. அவற்றின் ஓரத்தில், பிராங்க் பக்லண்ட் முதலியோர் அளித்த பழுப்பு டிரவுட் முட்டைகள் மூவாயிரத்திற்கும் குறைவாகவே இருந்தன. பிளென்டி ஆற்றங்கரைக் குளங்களில் இரண்டும் பொரிந்தன.

கடல் சென்ற சால்மன் மீண்டு வரவில்லை. வேண்டி அழைக்கப்பட்டது போயிற்று, உடன்வந்தது தங்கிற்று. உயிர்வளி மிக்க குளிர்நீரை நாடும் டிரவுட்டுக்கு அத்தீவின் ஓடைகள் தாய்வீடாயின. தூண்டிலாளரும் சமையல் வல்லாரும் அதனைப் போற்றினர். 1867இல் அங்கிருந்தே நியூசிலாந்துக்கும் சென்றது.

விருந்து என்பதற்குப் புதுமை எனப் பொருள் கொண்டது தமிழ். விருந்து வந்தபின் இல்லத்தார் நிலை யாது எனவும் கேட்டல் வேண்டும். பெடர் ஏரி 1972இல் மின்திட்டத்திற்காகப் பெருநீரில் மூழ்கடிக்கப்பட்டது. டிரவுட் உள்ளிட்ட புதுவரவுகள் அதில் பெருகின. அவ்வேரிப் பகுதிக்கே உரிய, செதிலற்ற பெடர் கலாக்சியாஸ் என்னும் சிறுமீன் அருகி மறைந்தது. அதற்குமுன், 1990களில், எஞ்சிய சிலவற்றைப் பிடித்து மலைமேலுள்ள ஓபரான் ஏரியில் விட்டிருந்தனர். டிரவுட் எட்டாத அவ்வேரியில் அவற்றின் வழித்தோன்றல்கள் வாழ்கின்றன.