திண்ணைக் கட்டம் முதல் கேம் சென்டர் வரை: தர்மபுரி மாவட்டத்தில் ஆட்டத் துணையின் வரலாறு

கரித்துண்டால் திண்ணையில் ஒரு முக்கோணம் வரைந்து, உள்ளேயும் குறுக்கேயும் கோடுகள் இழுத்தால் ஆடுபுலி ஆட்டத்துக்குக் களம் தயார். 23 சந்திகள், 3 புலி, 15 ஆடு. புலிக்குப் புளியங்கொட்டை, ஆட்டுக்குக் கூழாங்கல். பதினைந்தாம் புலி என்றும் இதற்குப் பெயர் உண்டு. தமிழ்நாட்டின் பழைய கோயில் மண்டபங்களில் கல்தரையைக் கூர்ந்து பார்த்தால் இதே கட்டம் உளியால் செதுக்கப்பட்டிருப்பதைக் காணலாம். மண்டபம் கட்ட வந்தவரோ மழைக்கு ஒதுங்கியவரோ பொழுதுபோக்காகச் செதுக்கியது, பின்னால் வந்த அத்தனை பேருக்கும் பொதுவாகிவிட்டது. ஆட்டம் கட்டடத்தோடு சேர்ந்தே கிடைத்தது, காசு கிடையாது. ஆனால் எதிரில் உட்கார ஒருவர் வேண்டும்.

இக்கட்டுரை ஆராய்வது, கருவியோடு சேர்ந்தே இலவசமாக வரும் சமூக விளையாட்டு வலையின் வளர்ச்சியை. ஆப்பிள் கருவிகளில் உள்ள கேம் சென்டர், ஆண்ட்ராய்டு கைப்பேசிகளில் உள்ள கூகுள் பிளே கேம்ஸ் ஆகியவை இவ்வகையில் முதன்மையானவை. உலக அளவில் இவற்றின் கதை தொழில்நுட்ப ஏடுகளில் பலமுறை எழுதப்பட்டுவிட்டது. இவை ஒரு பின்தங்கிய மாவட்டத்துக்கு எப்படி வந்து சேர்ந்தன, வந்தபோது இங்கே என்ன இருந்தது என்ற கேள்வியை யாரும் அதிகம் கேட்கவில்லை. நிறுவனங்கள் தந்த வலைகள் ஒவ்வொன்றாக மாறின, சில மூடப்பட்டன. ஆட்டத் துணையைத் தேடிக்கொள்ளும் வேலையைத் தர்மபுரிப் பிள்ளைகள் பெரும்பாலும் தாங்களே செய்துகொண்டார்கள் என்பதே என் முடிவு.

மாவட்டமும் அதன் எட்டாத தூரங்களும்

சேலம் மாவட்டத்திலிருந்து 1965 அக்டோபர் 2 அன்று பிரிந்தது தர்மபுரி. 2004 பிப்ரவரி 9 அன்று அதிலிருந்து கிருஷ்ணகிரி தனி மாவட்டமானது. ஓசூரின் தொழிற்பேட்டைகள் அதோடு போய்விட்டன. மிச்சமிருந்தது மானாவாரி நிலம், பாலக்கோட்டுத் தக்காளி, மாந்தோப்பு, பட்டுக்கூடு, கரும்பு. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் மாவட்டத்தின் மக்கள்தொகை 15,06,843, எழுத்தறிவு 68.54 விழுக்காடு, தமிழ்நாட்டு மாவட்டங்களிலேயே கடைசி. மாநில அளவு அப்போது 80 விழுக்காட்டைத் தாண்டியிருந்தது. வேலைக்காகப் பெங்களூருக்கும் திருப்பூருக்கும் போவது இங்கே பல குடும்பங்களின் ஆண்டு வழக்கம். அண்ணன் ஓரிடம், தம்பி ஓரிடம், பிள்ளைகள் தாத்தா பாட்டியிடம் என்று குடும்பம் சிதறிக் கிடக்கும்.

சித்தேரி, வத்தல்மலை போன்ற மலையூர்கள் வேறு. பென்னாகரம் பக்கம் கோட்டூர்மலைக்கு வாக்குப்பதிவு எந்திரங்கள் கழுதை முதுகில் ஏறிப் போன படத்தை நாளிதழ்கள் தேர்தலுக்குத் தேர்தல் வெளியிட்டன. பாதை எட்டாத ஊருக்கு டவர் மட்டும் எப்படி எளிதில் எட்டும்? வலை விளையாட்டின் வரலாற்றை இங்கே எழுதுகிறவர் இந்தத் தூரத்தை முதலில் கணக்கில் எடுக்க வேண்டும்.

பாம்பு ஓடிய காலம்

செல்பேசியோடு சேர்ந்தே வந்த முதல் புகழ்பெற்ற ஆட்டம் பாம்பு. 1997இல் நோக்கியா 6110 கருவியில் அது வந்தபோதே, இரண்டு செல்களை எதிரெதிரே வைத்து அகச்சிவப்புக் கதிர் மூலம் இருவர் ஆடும் வசதி இருந்தது. தனியாள் கருவிக்குள் சமூக விளையாட்டின் விதை அங்கேயே விழுந்துவிட்டது. ஆனால் நம் ஊர்களை நிறைத்தது அந்தச் செல் இல்லை, 2003இல் வந்த நோக்கியா 1100. முனையில் டார்ச் விளக்கு. இரவில் மோட்டார் போடப் போகிறவருக்குக் கைவிளக்கும் அதுவே. அதில் பாம்பு இருந்தது, இருவர் சேர்ந்து ஆடும் வசதி இல்லை. எனவே பிள்ளைகள் செல்லையே கை மாற்றினார்கள். ஒருவன் ஆட, நாலு பேர் தோளுக்கு மேல் எட்டிப் பார்க்க, பாம்பு தன் வாலைக் கடித்ததும் அடுத்தவன் கைக்குச் செல் போகும். யாருடைய ஸ்கோர் பெரிது என்ற கணக்கு நினைவிலேயே இருந்தது. இன்று 'லீடர்போர்டு' என்று சொல்வதை அன்று வாயாலேயே நடத்தினார்கள்.

நோக்கியாவே இதை வலையாக்கப் பார்த்தது. 2003இல் என்-கேஜ் என்ற விளையாட்டுக் கைப்பேசியை வெளியிட்டது. 2008இல் அதே பெயரில் ஒரு விளையாட்டுச் சேவையைத் தொடங்கி, 2010இல் நிறுத்தியது. ஸ்ரீபெரும்புதூரில் 2006இல் உற்பத்தியைத் தொடங்கிய நோக்கியா ஆலையும் 2014 நவம்பர் 1 அன்று மூடப்பட்டது.

கேம் சென்டரின் வருகை

2009இல் ஆப்பிள் தன் ஐபோன் இயங்குதளத்தின் மூன்றாம் பதிப்பில், பக்கத்தில் உள்ள இரு ஐபோன்கள் புளூடூத் வழியே சேர்ந்து ஆடுவதற்கான கருவித்தொகுப்பை நிரலாளர்களுக்குத் தந்தது. கேம்கிட் என்பது அதன் பெயர். முதல் அடி பக்கத்து ஆளை நோக்கித்தான் இருந்தது என்பதைக் கவனிக்க வேண்டும். அடுத்த ஆண்டு ஏப்ரல் 8 அன்று கேம் சென்டர் அறிவிக்கப்பட்டு, செப்டம்பர் 8 அன்று ஐஓஎஸ் 4.1 பதிப்போடு வெளிவந்தது. தனியே வாங்கவும் வேண்டாம், பதிவிறக்கவும் வேண்டாம். ஒரு புனைபெயர் வைத்துக்கொண்டால் போதும்: நண்பருக்கு அழைப்பு அனுப்பலாம், ஸ்கோரை ஒப்பிடலாம், எட்டிய இலக்குகளைச் சேர்த்து வைக்கலாம், ஆள் கிடைக்காதபோது முன்பின் தெரியாத ஒருவரோடு வலையே சேர்த்துவிடும். முதல் பதிப்பின் திரை, பச்சைக் கம்பளித் துணி விரித்து மரச்சட்டம் அடித்த ஆட்ட மேசைபோல் வரையப்பட்டிருந்தது. ஒன்பதே மாதத்தில் 5 கோடிப் பேர் சேர்ந்ததாக 2011 ஜூனில் நிறுவனம் அறிவித்தது.

அந்த 5 கோடியில் தர்மபுரிக்கு எவ்வளவு இடம் இருந்திருக்கும்? இந்தியாவில் ஐபோன் 4 விற்பனைக்கு வந்தது 2011 மே மாதம். விலை 34,500 ரூபாய். அந்த ஆண்டு நூறு நாள் வேலைத் திட்டத்தில் தமிழ்நாட்டுக்கு அறிவித்த நாட்கூலி 119 ரூபாய். வகுத்துப் பார்த்தால் 290 நாள் கூலி. ஆண்டுக்கு நூறு நாள் என்ற கணக்கில், ஏறக்குறைய மூன்று ஆண்டு முழுவதும் மண் வெட்டினால் ஒரு கருவி. வலை இலவசம்தான், அதன் வாசலுக்குப் போய்ச் சேரும் செலவு இது. இலவசம் என்ற சொல்லை வரலாற்றில் எழுதும்போது இந்தக் கணக்கைப் பக்கத்திலேயே எழுதி வைக்க வேண்டும்.

இன்று ஓசூரை ஒட்டிய டாடா எலெக்ட்ரானிக்ஸ் ஆலையில் ஐபோனின் பாகங்கள் தயாராகின்றன. 2004 வரை அந்த மண் தர்மபுரி மாவட்டம்தான். கருவியைத் தொட்டுச் செய்கிற கைகளுக்கும் அதில் ஆடுகிற விரல்களுக்கும் இடையிலுள்ள தூரம் இன்னும் தனி ஆய்வுக்கு உரியது.

கேம் சென்டரின் பின்வரலாறு ஏற்ற இறக்கமானது. 2012 ஜூலையில் அது மேக் கணினிகளுக்கும் வந்தது. 2013இல் பச்சைத் துணியும் மரச்சட்டமும் போய் வண்ணக் குமிழிகள் வந்தன. 2016இல் ஐஓஎஸ் 10 அதன் தனிச்செயலியையே எடுத்துவிட்டது. நண்பர் பட்டியல் செயலற்றுப் போய், அழைப்புகள் குறுஞ்செய்திக்கு மாறின. 2020இல் நண்பர்களும் முகப்பக்கமும் திரும்பி வந்தன. 2025 செப்டம்பரில் ஐஓஎஸ் 26 உடன் 'கேம்ஸ்' என்ற தனிச்செயலி பிறந்தது. கேம் சென்டருக்கு முன்னோடியாக 2009இல் எழுந்த ஓபன்ஃபெயின்ட் என்ற வலையோ, 2011இல் 10.4 கோடி டாலருக்கு ஜப்பானின் கிரீ நிறுவனத்துக்கு விற்கப்பட்டு 2012 டிசம்பரில் மூடப்பட்டது. அதில் நண்பர் சேர்த்தவர்களுக்கு அந்தப் பட்டியல் அத்தோடு போயிற்று.

ஹாட்ஸ்பாட் போடு

தர்மபுரியின் உண்மையான வலை விளையாட்டுக் காலம் ஆண்ட்ராய்டோடு தொடங்குகிறது. 2013இல் கூகுள் பிளே கேம்ஸ் வந்தது. அப்போது ஒரு ஜி.பி. டேட்டாவுக்கு 200 ரூபாய்க்கு மேல் ஆகும். ரீசார்ஜ் போட்டவன் அதை ஆட்டத்தில் செலவழிக்க மாட்டான். 2016 செப்டம்பர் 5 அன்று ஜியோ வந்து, அடுத்த மார்ச் வரை டேட்டாவை இலவசமாகவே தந்த பிறகுதான் நிலைமை மாறியது.

அதற்கு முன்பே கல்லூரி விடுதிகளிலும் பேருந்து நிறுத்தங்களிலும் ஒரு வழி கண்டுபிடித்திருந்தார்கள். மினி மிலிஷியா என்ற துப்பாக்கிச் சண்டை ஆட்டம், ஒரே வைஃபையில் 12 பேர் வரை சேர இடம் கொடுத்தது. அந்த வைஃபைக்கு இணையம் தேவையில்லை. ஒருவன் தன் செல்லில் ஹாட்ஸ்பாட் போடுவான். மற்றவர்கள் அதில் ஜாயின் ஆவார்கள். செல்களுக்குள்ளேயே ஒரு சிறு வலை எழும். டேட்டா ஒரு துளியும் குறையாது. டவர் இல்லாத மலையூரிலும் இது நடக்கும். ஆட்டமே இல்லாதவனுக்கு அதைப் பக்கத்துச் செல்லிலிருந்து ஷேரிட், செண்டர் போன்ற செயலிகள் வழியே ஏற்றிவிடுவார்கள். பிளே ஸ்டோர் பக்கம் போகவே வேண்டாம். திண்ணையில் நடந்த அதே ஏற்பாடு, கரிக்கட்டத்துக்குப் பதில் ஹாட்ஸ்பாட். இந்த மாவட்டத்தின் விளையாட்டு வரலாற்றில் எனக்கு மிக முக்கியமாகப் படும் கட்டம் இதுவே. எந்த நிறுவனமும் இதைத் திட்டமிட்டுத் தரவில்லை. கையில் இருந்த வசதியைப் பிள்ளைகள் தங்கள் தேவைக்குத் திருப்பிக்கொண்டார்கள்.

2020 மார்ச் 25 அன்று நாடு முழுவதும் ஊரடங்கு. அதே மாதம் 31ஆம் நாள், பிளே கேம்ஸ் சேவையில் பலர் சேர்ந்து ஆட நிரலாளர்களுக்குத் தந்திருந்த வசதியைக் கூகுள் நிறுத்தியது. முந்தைய ஆண்டே அறிவித்த முடிவுதான் என்றாலும், எல்லாரும் வீட்டில் அடைபட்ட வாரத்தில் அது நடந்தது. ஸ்கோரும் இலக்குகளும் எஞ்சின, கூட்டு ஆட்டம் போயிற்று. அந்த இடத்தை நிரப்பியது 2016இல் நவி மும்பையிலிருந்து வந்த லூடோ கிங். லூடோவுக்கு இங்கிலாந்துக்காரர்கள் 1896இல் காப்புரிமை எடுத்தார்கள். அதன் மூலம் நம் பச்சீசி, நம் தாயத்தின் நெருங்கிய உறவு. திருப்பூரில் மாட்டிக்கொண்ட மகன் ரூம் கோடு அனுப்ப, ஊரில் அம்மாவும் தங்கையும் ஒரே செல்லைச் சுற்றி உட்கார்ந்து காய் நகர்த்துவார்கள். தாயம் உருட்டிப் பழகிய பாட்டிக்கு விதி சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. "வெட்டுடி, அவன் காயை வெட்டு" என்ற குரல் மட்டும் செல் வழியே அந்தப் பக்கம் போகும்.

தடைகளும் ஒரு சட்டச் சொல்லும்

பப்ஜி 2020 செப்டம்பர் 2 அன்று 118 செயலிகளுள் ஒன்றாகத் தடைசெய்யப்பட்டது. ஃப்ரீ ஃபயர் 2022 பிப்ரவரியில். படிப்பைக் கெடுத்த ஆட்டங்கள் என்று பெற்றோர் மகிழ்ந்தார்கள். அது நியாயமான மகிழ்ச்சியே. ஆனால் ஒரே நாளில் பிள்ளைகளின் நண்பர் பட்டியலும் போனதை யாரும் பேசவில்லை.

காசு வைத்து ஆடும் ரம்மி வேறு கதை. உயிர்களைக் கொண்டுபோன கதை. தமிழ்நாடு 2021இல் போட்ட தடைச் சட்டத்தை அதே ஆண்டு ஆகஸ்டில் உயர் நீதிமன்றம் நீக்கியது. ஓய்வுபெற்ற நீதிபதி சந்துரு தலைமையிலான குழு 2022 ஜூனில் அறிக்கை தந்தது. அக்டோபரில் பேரவை நிறைவேற்றிய மசோதாவை ஆளுநர் திருப்பி அனுப்ப, 2023 மார்ச்சில் மீண்டும் நிறைவேற்றி ஏப்ரலில் சட்டமாக்கினார்கள். பிறகு நாடாளுமன்றம் 2025 ஆகஸ்டில் இயற்றிய இணைய விளையாட்டுச் சட்டம், பணம் வைத்து ஆடுவதைத் தடைசெய்து, பந்தயமில்லாப் பொழுதுபோக்கு ஆட்டத்துக்கு 'இணையச் சமூக விளையாட்டு' என்று தனி வரையறையே தந்தது. ஆடுபுலிக்கும் சூதுக்கும் நம் பெரியவர்கள் எப்போதும் பார்த்த வேறுபாடு சட்டப் புத்தகத்தில் ஏறிவிட்டது. வரவேற்க வேண்டிய செய்தி.

எனினும் சட்டம் பார்ப்பது பணத்தை. எதிரில் ஆடுபவர் யார் என்பதைப் பார்க்க வேண்டியது வீடு. ஆப்பிள் கருவியில் திரைநேரக் கட்டுப்பாட்டின் கீழ் கேம் சென்டருக்கு ஒரு பகுதி உண்டு. பலர் சேர்ந்து ஆடுவதை 'நண்பர்களோடு மட்டும்' என்று அங்கே மாற்றி வைக்கலாம். பிளே கேம்ஸிலும் பிள்ளையின் ஆட்ட விவரத்தை யார் பார்க்கலாம் என்று முடிவுசெய்ய இடம் இருக்கிறது. தர்மபுரியில் பல வீடுகளில் கைப்பேசி ஒன்றுதான், அதுவும் அப்பா பெயரில். பெற்றோரே, இன்று மாலை பிள்ளையைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு அந்த அமைப்பைத் திறந்து பாருங்கள். பட்டியலில் உள்ள ஒவ்வொரு பெயரும் யாருடையது என்று அவனிடமே கேளுங்கள்.