முன்னால் எறிந்தால் குற்றம்!

1905 நவம்பர் 25. நியூயார்க்கில் ஒரு கல்லூரி மேட்ச். எதிரணிக்காரனை மடக்கிப் பிடிக்கப் பாய்ந்த ஹெரால்ட் மூர் என்ற யூனியன் கல்லூரி மாணவன் தலையில் அடிபட்டு விழுந்தான். பிழைக்கவில்லை. அந்த ஒரு வருடத்தில் மட்டும் அமெரிக்காவில் இப்படிச் செத்தவர்கள் குறைந்தது 18 பேர். போர்க்களத்தில் அல்ல சார், ஃபுட்பால் மைதானத்தில்!

ஃபுட்பால் என்றதும் பீலே, மரடோனா என்று போய்விடாதீர்கள். இது அமெரிக்க ஃபுட்பால். இரண்டு முனையும் கூரான பந்தைக் கையில் இடுக்கிக்கொண்டு எதிராளியின் எல்லைக்கு ஓட வேண்டும். அந்தக் காலத்தில் மூன்று வாய்ப்புக்குள் ஐந்து கஜம் முன்னேறினால் போதும், பந்து உங்களிடமே இருக்கும். ஐந்து கஜத்துக்கு எதற்கு மூளை? பத்துப் பேர் ஒட்டிக்கொண்டு, பந்து வைத்திருப்பவனை நடுவில் விட்டு, ஒரே தள்ளு! எதிரே நிற்பவனும் அதே மாதிரி தள்ளுவான். நடுவில் சிக்கியவன் எலும்பு எண்ண வேண்டியதுதான். பந்தை முன்னால் இருக்கும் கூட்டாளிக்கு எறிந்து தப்பிக்கலாமே என்கிறீர்களா? கூடாது. பின்னால் எறியலாம், முன்னால் எறிந்தால் குற்றம்.

ஜனாதிபதி தியோடர் ரூஸ்வெல்ட்டுக்கு இந்த ஆட்டம் உயிர். அதனாலேயே கவலை. மூர் சாவதற்கு முன்பே, அக்டோபர் 9 அன்று ஹார்வர்டு, யேல், பிரின்ஸ்டன் ஆட்களை வெள்ளை மாளிகைக்கு வரவழைத்து, 'ஒழுங்காக ஆடுங்கப்பா' என்று சொல்லி அனுப்பினார். அடுத்த மாதமே, ஹார்வர்டுக்கு ஆடிய அவர் பையனுக்கே மூக்கு உடைந்தது. மூரின் மரணத்துக்குப் பிறகு நியூயார்க் பல்கலைக்கழகத் தலைவர் மெக்ராக்கன் மற்ற கல்லூரிகளைக் கூட்டினார். ஆட்டத்தையே தடை செய்தால் என்ன என்கிற அளவுக்குப் பேச்சு போனது.

கூட்டத்தை எப்படிக் கலைப்பது? இதுதான் கேள்வி. ஆட்டத்தின் பிதாமகர் என்று பெயர் வாங்கிய வால்டர் கேம்ப் தரப்பு, மைதானத்தை அகலமாக்கினால் போதும் என்றது. நல்ல யோசனைதான். ஆனால் ஹார்வர்டு 1903-ல்தான் கான்கிரீட்டில் புத்தம்புது ஸ்டேடியம் கட்டியிருந்தது. அகலமாக்கணும் என்றால் இடிக்கணும்! வேறு வழி இல்லாமல் 1906-ல், 'சரி, முன்னால் எறிந்துகொள்' என்றார்கள். ஐந்து கஜம் பத்தானதும் அப்போதுதான்.

அனுமதி கொடுத்தார்களே தவிர, மனசு வரவில்லை. எறிந்த பந்து யார் கையிலும் படாமல் தரையில் விழுந்தால், பந்து எதிரணிக்கு! நான் பி.காம். படித்தவன். எனக்கு இது லாப நஷ்டக் கணக்காகத்தான் தெரிகிறது. இவ்வளவு நஷ்டம் வைத்தால் எவன் முதல் போடுவான்?

ஒருத்தன் போட்டான். 1906 செப்டம்பர் 5, விஸ்கான்ஸின் மாநிலம் வாக்கெஷா. செயின்ட் லூயிஸ் அணியின் பிராட்பரி ராபின்சன் எறிந்தான். யாரும் பிடிக்கவில்லை, பந்து போச்சு. விட்டானா? அதே ஆட்டத்தில் மறுபடி எறிந்தான். ஜாக் ஷ்னைடர் பிடித்தான். டச்டவுன்! 22-0 என்று ஜெயித்தார்கள்.

ஆனால் கிழக்கே இருந்த பெரிய கல்லூரிகள் இதைப் பெரிதாக மதிக்கவில்லை. 1913 கோடையில் நோட்ரடேம் மாணவர்கள் கஸ் டொராய்ஸும் நூட் ராக்னியும் ஈரி ஏரிக்கரையில் வேலைக்குப் போன இடத்தில், மணலில் பந்து எறிந்து எறிந்து பழகினார்கள். நவம்பர் 1-ம் தேதி ராணுவக் கல்லூரி அணியை அதன் சொந்த மைதானத்திலேயே 35-13 என்று துவைத்து எடுத்தார்கள். டொராய்ஸ் எறிந்தது 17, கைக்குச் சேர்ந்தது 14. அதற்குப் பிறகுதான் கிழக்கத்திக் கனவான்களுக்குக் கண் திறந்தது.

இப்போது பிடிப்பவன் கதைக்கு வாருங்கள். ஆரம்பத்தில் அவனுக்குப் பாதுகாப்பே கிடையாது. வானத்தைப் பார்த்து ஓடுகிறவனைக் கீழே தள்ளினாலும் கேள்வி இல்லை. உயிரைக் காப்பாற்றக் கொண்டுவந்த விதி, புதுசாக ஒருத்தனை அடிக்குக் காட்டிக் கொடுத்தது! பிறகுதான் 'பாஸ் இன்டர்ஃபியரன்ஸ்' வந்தது. பந்து வந்து சேரும் முன் பிடிப்பவனைத் தள்ளவோ இழுக்கவோ கூடாது. ஆனால் தடுப்பவனும் பந்துக்குத் தாவலாம், அவனுக்கும் அதே உரிமை. இருவரும் தாவும்போது இடித்தது யார்? அரை விநாடியில் நடுவர் சொல்ல வேண்டும். தொழில்முறை லீகான என்.எஃப்.எல்.லில் தண்டனை இன்னும் கடுமை. தப்பு எங்கே நடந்ததோ அங்கேயே பந்தை வைப்பார்கள். ஒரே விசிலில் நாற்பது கஜம்கூடக் கைமாறலாம். கல்லூரி ஆட்டத்தில் அதிகபட்சம் பதினைந்துதான்.

2019 ஜனவரி 20, நியூ ஆர்லியன்ஸ். ஜெயித்தால் சூப்பர் பவுல். ஸ்கோர் 20-20, இரண்டு நிமிடம்கூட பாக்கி இல்லை. செயின்ட்ஸ் வீரன் டாமிலீ லூயிஸ் பந்துக்குக் காத்திருக்க, ராம்ஸ் அணியின் நிக்கெல் ரோபி கோல்மன், பந்து வருமுன்னே மோதித் தள்ளினார். ஸ்டேடியமே பார்த்தது. நடுவர்கள் கொடியை எறியவில்லை. ராம்ஸ் 26-23 என்று ஜெயித்தது. ரசிகர்கள் கோர்ட்டுக்கே போனார்கள். அந்த வருட சீசனில், இந்தத் தப்பை வீடியோவில் மறுபரிசீலனை செய்யலாம் என்று விதியை மாற்றினார்கள். ஒரே ஒரு சீசன். குழப்பம் தாங்காமல் 2020-ல் அதைத் தூக்கிவிட்டார்கள்.