உடுமலை சங்கர் கொலை வழக்கு: நேரில் கண்ட சாட்சியமும் விடுதலைக்கு எதிரான மேல்முறையீடும்

திருப்பூர் மாவட்டம் உடுமலைப்பேட்டைப் பேருந்து நிலையம் அருகே 2016 மார்ச் 13 அன்று பொறியியல் மாணவர் சங்கர் பட்டப்பகலில் வெட்டிக் கொல்லப்பட்டார். அவர் பட்டியல் சாதியைச் சேர்ந்தவர். 2015இல் அவரைச் சாதி மறுப்பு மணம் புரிந்த கௌசல்யா இத்தாக்குதலில் படுகாயமடைந்தார். தாக்குதல் கண்காணிப்புக் கேமராவிலும் பதிவானது.

திருப்பூர் முதன்மை அமர்வு நீதிமன்றம் 2017 டிசம்பர் 12 அன்று தீர்ப்பளித்தது. குற்றம் சாட்டப்பட்ட 11 பேரில் கௌசல்யாவின் தந்தை உட்பட 6 பேருக்குத் தூக்குத் தண்டனையும், வேறு இருவருக்குச் சிறைத் தண்டனையும் விதிக்கப்பட்டன. தாய் உட்பட மூவர் விடுதலையாயினர். தண்டனை பெற்றவர்களும், மூவரின் விடுதலையை எதிர்த்து அரசும் மேல்முறையீடு செய்தனர்.

2020 ஜூன் 22 அன்று சென்னை உயர் நீதிமன்றம் ஐவரின் தூக்கை, 25 ஆண்டுகளுக்குக் குறையாத ஆயுள் தண்டனையாக மாற்றியது. தந்தையையும் வேறு இருவரையும் விடுவித்தது. அரசின் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்தது.

இந்த வேறுபாடு ஏன்? வழக்கில் இரண்டு கேள்விகள் இருந்தன. முதலாவது, வெட்டியது யார்? காயமடைந்த சாட்சி சம்பவ இடத்தில் இருந்ததை எளிதில் மறுக்க முடியாது. ஆகவே அவர் சாட்சியத்துக்கு நீதிமன்றங்கள் தனி மதிப்பளிக்கின்றன. ஆனால் முன்பின் அறியாத ஒருவரை முதன்முறையாகச் சாட்சிக் கூண்டிலிருந்து அடையாளம் காட்டுவது முன்கூட்டியே அடையாள அணிவகுப்பு நடத்தப்படாவிட்டால் முற்றிலும் மதிப்பற்ற சான்று என்று 1979இல் கண்ணன் எதிர் கேரள அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. முன்கூட்டியே நடத்தும் அடையாள அணிவகுப்பு அந்தக் குறையை ஈடுசெய்யும். எனினும் அது துணைச் சான்றே.

இரண்டாவது, ஏவியது யார்? கூட்டுச்சதியைப் பெரும்பாலும் கண்ணால் கண்டவர் எவரும் இருப்பதில்லை. சூழ்நிலைச் சான்றுகளைச் சங்கிலியாகக் கோத்தே அதை நிரூபிக்க வேண்டும். தந்தைக்கு எதிரான சதி ஐயமற நிரூபிக்கப்படவில்லை என்றது உயர் நீதிமன்றம்.

மாணவர்கள் இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். தந்தை விடுதலையானது அவர் தொடுத்த மேல்முறையீட்டில். தாய் உள்ளிட்ட மூவர் குறித்ததே விடுதலைக்கு எதிரான மேல்முறையீடு. அதிலும் சாட்சியங்களை முழுமையாக மறுஆய்வு செய்யலாம் என்று 1934இல் ஷியோ ஸ்வரூப் வழக்கில் பிரிவி கவுன்சில் கூறியது. ஆனால் விடுதலைத் தீர்ப்பு நிரபராதி என்ற அனுமானத்தை மேலும் வலுப்படுத்துகிறது. நியாயமான இரு முடிவுகளுக்கு இடமிருந்தால் விடுதலையில் தலையிடக் கூடாது என்பது 2007இல் சந்திரப்பா வழக்கில் உச்ச நீதிமன்றம் தொகுத்துரைத்த நெறி.

தந்தையின் விடுதலையைக் கௌசல்யா ஏற்கவில்லை. பேருந்து நிலையத்தில் நடந்ததை அவரால் சாட்சியாகச் சொல்ல முடிந்தது. அதற்கு முன் மறைவில் நடந்ததாகச் சொல்லப்பட்டதை நிரூபிக்கும் பொறுப்பு காவல்துறையின் புலனாய்வையும் அரசுத் தரப்பையுமே சார்ந்தது. ஆணவக்கொலை வழக்குகள் பலவும் தடுமாறும் இடம் இதுவே.