அடுப்பை அணைத்த பிறகு

இஞ்சி எலுமிச்சை சர்பத் காய்ச்சுவது எளிய வேலை. இஞ்சியை இடித்துப் பிழிந்த சாற்றைச் சற்று நேரம் அசைக்காமல் வைத்தால் அடியில் வெள்ளையாக மாவு படியும். தெளிவை மட்டும் இறுத்துச் சர்க்கரைப் பாகில் கொதிக்க வைக்கலாம். எலுமிச்சைக்கு விதி வேறு. அடுப்பை அணைத்து, பாகு ஆறிய பிறகே அதன் சாற்றைச் சேர்க்க வேண்டும். இந்த வரிசை எவ்வளவு முக்கியம் என்பதற்குக் கடற்பயண வரலாற்றில் ஒரு சாட்சி உண்டு.

1747 மே மாதம், சாலிஸ்பரி என்ற பிரிட்டிஷ் போர்க்கப்பலில் ஸ்கர்வி கண்ட 12 மாலுமிகளை இருவர் இருவராகப் பிரித்தார் மருத்துவர் ஜேம்ஸ் லிண்ட். ஈறு அழுகி, உடல் தளர்ந்து, கடைசியில் உயிரையே வாங்கும் நோய் அது. ஒரு ஜோடிக்குக் காடி, இன்னொன்றுக்குக் கடல்நீர் என்று ஆறு வகைச் சிகிச்சை. தினமும் 2 ஆரஞ்சும் 1 எலுமிச்சையும் தின்ற இருவர்தாம் ஒரு வாரத்துக்குள் நன்றாகத் தேறினர்.

ஆனால் பழம் நெடும்பயணத்தில் அழுகிவிடுமே? 1753இல் வெளியிட்ட நூலில் லிண்ட் அதற்கு வழி சொன்னார்: சாற்றைச் சுடுநீரின் மேல் வைத்து மணிக்கணக்கில் வற்றவைத்து, பாகாக்கிப் புட்டியில் அடைப்பது. புளிப்பு நின்றது, பின்னாளில் வைட்டமின் சி என்று பெயர் பெற்ற சத்தின் பெரும்பகுதி அழிந்தது. மென்பொருள் தொழிலில் இருக்கும் எனக்கு இந்தப் பிழை நன்றாகப் பழக்கம். சோதித்தது ஒன்று, அனுப்பியது வேறு.

விடை சென்னைக் கரையில் கிடைத்தது. 1794இல் சஃபோக் என்ற கப்பல், இடையில் கரை தொடாமல் 23 வாரம் பயணம் செய்து சென்னை வந்தது. மாலுமிகளுக்குத் தினமும் எலுமிச்சைச் சாறும் சர்க்கரையும் மதுவில் கலந்து தரப்பட்டன. சிலரிடம் தலைகாட்டிய ஸ்கர்வியும், சாற்றின் அளவைக் கூட்டியதும் மறைந்தது. ஓர் உயிரும் போகவில்லை. அடுத்த ஆண்டே, மருத்துவர் கில்பர்ட் பிளேனின் வற்புறுத்தலால், கடற்படை எலுமிச்சைச் சாற்றை ஏற்றது.

எலுமிச்சை சாதத்துக்கும் ரசத்துக்கும் அடுப்பிலிருந்து இறக்கிய பிறகே நாம் சாறு பிழிகிறோம். கொதித்தால் கசக்கும் என்பதே வீட்டில் சொன்ன காரணம். முன்னோருக்கு வைட்டமின் தெரிந்திருந்தது என்று பெருமை பேச வேண்டியதில்லை. நாக்குக்காக வந்த விதி சத்தையும் காத்தது, அவ்வளவுதான். பிள்ளைகளுக்குச் சமையல் குறிப்பு எழுதித் தருபவர்கள் அளவோடு நிறுத்தாமல், எதற்குப் பிறகு எது என்பதையும் எழுதிவிடுங்கள்.