பாரசீக மன்னரும் தோட்டத்துச் செக்ரோலும்

பாரசீகப் பேரரசின் வரலாறு நெடுங்காலம் மன்னர் வரலாறாகவே எழுதப்பட்டது. கிரேக்கரான ஹெரோடோட்டஸ் அம்மன்னர்தம் போர்களை விரித்துரைத்தார். முதலாம் தாரியஸ் தன் வெற்றிகளைப் பெகிஸ்தூன் பாறையில் மும்மொழியிற் பொறிப்பித்தான். அவற்றில் உழைத்தோருக்கு இடம் அரிது.

1933இல் பேர்செப்பொலிஸ் நகரில் ஆயிரக்கணக்கான களிமண் ஏடுகள் அகழ்ந்தெடுக்கப்பட்டன. 1969இல் ஹாலொக் என்னும் அறிஞர் அவற்றுள் 2,087 ஏடுகளைப் பதிப்பித்தார். கி.மு. 509 முதல் 493 வரையான அவை வேலையாட்களுக்கு அளந்த தானியக் கணக்குகளாம். மகவு ஈன்ற தாய்க்குத் தனிப்படி உண்டு. ஆண்மகவாயின், பெண்மகவுக்குரியதைப்போல் இருமடங்கு. அரசின் இயல்பை வெற்றிப் பாறையினும் இக்கணக்கே தெளிவாகக் காட்டுகின்றது.

இவ்வுண்மை நம் மலையகத்துக்கும் பொருந்தும். 1867இல் ஜேம்ஸ் டெயிலர் லூல்கந்துரையில் தேயிலை பயிரிட்டமையை நூல்கள் போற்றும். கொழுந்தெடுத்தோரின் பெயரும், வேலைநாளும், கூலியிற் கழித்த அரிசியும் செக்ரோலிலேயே காணப்படும். 1949ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் அம்மக்களிடம் தொடர்ந்து வாழ்ந்தமைக்குச் சான்று கோரியது. பதிவின் அருமை அன்று புலப்பட்டது.

பாரசீகரின் களிமண் இரண்டாயிரத்து நானூறு ஆண்டுகளுக்கு மேல் நிலைத்தது. ஹற்றன், நுவரெலியா மலைகளின் ஈரத்திற் காகிதம் அவ்வாறு நில்லாது. எஞ்சிய செக்ரோல்களைக் காப்பதே மலையக வரலாற்றின் முதற் கடமையாகும்.